பேலியோஇகலாஜிக்கலி ஒரு குளம்

— அந்த ஒத்த வார்த்தையை மட்டும் எடுத்துரு ஆன்ஸ்லின். மத்ததெல்லாம் அப்படியே கிடக்கட்டும். அண்ணன் வேற என்ன கேட்டேன் உங்கிட்ட?

— எந்த வார்த்தையை?

— சவம், அதைச் சொல்ல வந்தா நாக்குல்லா சுளுக்குது. பேலி… பேலியோ… அந்த பேலியோ!

— பேலியோஇகலாஜிக்கலி.

— அதேதான். பாத்தியா, நீ சொன்ன உடனே ஜேசிபி டிரைவர் திரும்பிப் பாக்கான். எனக்க ஆடிட்டோரியத்துக்கு அஸ்திவார வானம் தோண்ட வந்தவன். அந்த வார்த்தை வந்த நாள்ல இருந்து வேப்பமர நெழல்ல உக்காந்து போனுல சீட்டு விளையாடிட்டு இருக்கான்.

— வேலையை நிறுத்தினது நானா அண்ணே? பக்கத்து வீட்டு வைகுண்டராஜன் சார்லா மனு குடுத்தது?

— குடுத்தது அவருதான். இங்க மைக் செட் பாடினா அவருக்கு மத்தியானம் ஒறக்கம் வராது. அதை அப்படியே மனுவுல எழுதினாரா? எழுதல்ல. நீ எழுதின ஆராய்ச்சியை இன்டர்நெட்ல தேடிப் பிடிச்சு, தமிழ்ல மாத்தி, ஒரு வார்த்தைக்கு மட்டும் தமிழ் கிட்டாம அதை அப்படியே போட்டு வெச்சிருக்காரு. "பேலியோ அது, இந்த இடம் ஒரு குளம். இதை மனுதாரர் சொல்லவில்லை, எதிர்மனுதாரரின் உடன்பிறந்த தங்கையே சொல்லுகிறார்." கேட்டியா? உடன்பிறந்த தங்கையே!

— அது உள்ளதுதானே.

— உள்ளதுதான். அதனாலதான் வயிறு எரியுது. தாசில்தார் மனுவை மளமளன்னு வாசிச்சிட்டே வந்தாரு. அந்த வார்த்தை வந்ததும் கண்ணாடியைக் கழத்தித் தொடச்சாரு. திரும்ப வாசிச்சாரு. "மிஸ்டர் எட்சன், இது பெரிய விஷயமால்லா தெரியுது, வேலையை நிறுத்துங்க"ன்னுட்டாரு. கலாஸ்! அதோட முடிஞ்சுது. குளம்ங்கிறதுக்கு அவரு பயப்படல்ல மக்கா. அந்த நீளத்துக்காக்கும் பயந்தது.

— நீ நினைக்கது தப்பு. அந்த வார்த்தை உனக்கு எதிரி இல்லை. அதாக்கும் இப்பம் உன்னைக் காப்பாத்திட்டு இருக்கது.

— நல்லா காப்பாத்திச்சு! அடுத்த மே மாசம் குளோரிக்குக் கல்யாணம். மாப்ள வீட்டாருட்ட சம்பந்தம் பேசும்போதே என்ன சொன்னேன்? "எனக்கு ஒத்தப் பிள்ளை, அவ கல்யாணம் எங்கப்பா பேருல கட்டப்போற ஞானையன் ஆடிட்டோரியத்துலதான், அதுல முதல் விருந்தே உங்களுக்குத்தான்"ன்னு சொன்னேன். இப்பம் அந்த சம்பந்தி தினசரி போன் பண்ணி, "கட்டடம் எது வரைக்கும் வந்திருக்கு"ன்னு கேக்காரு. நான் "வேகமா போகுது"ன்னு சொல்லுகேன். இங்க என்ன போகுது? டிரைவருக்க சாயா மட்டும் போகுது. மஸ்கட்டுல வெயில்ல காய்ஞ்சதெல்லாம் இந்த மண்ணுல கொண்டு கொட்டியிருக்கேன் பிள்ளே.

— எனக்குத் தெரியாதா? அவ உனக்கு மகள்னா எனக்கு மருமக. நான் வேணும்னா செஞ்சேன்?

— சரி, மனசு வெந்து வெப்ராளத்துல பேசிட்டேன். தாசில்தார் பதினோரு மணிக்கு இடம் பாக்க வாறாரு. நீதான் எழுதினவ, நீயே விளக்கமும் எழுதித் தரணும்னு சொல்லியிருக்காரு. அதுக்கு முன்னால எனக்குப் புரியும்படி சொல்லு. அதுக்கு என்னதான் அர்த்தம்?

— பேலியோன்னா ஆதிகாலத்து. இகாலஜின்னா ஒரு எடத்துல செடி, கொடி, மீனு, தவளை, தண்ணி எல்லாம் ஒண்ணை ஒண்ணு அண்டி எங்ஙன பிழைக்குங்கிறது. கடைசியில வாற "லி" இருக்கே, அதுக்கு அந்தக் கண்ணு கொண்டு பாத்தான்னு அர்த்தம். மண்ணுக்குள்ள மிச்சம் கிடக்க மகரந்தம், விதை இதையெல்லாம் எடுத்து, ஆதியில இங்க என்னென்ன ஜீவிச்சுதுன்னு கணக்குப் பாத்து, அந்தக் கணக்குப்படி பேசினா பேலியோஇகலாஜிக்கலி.

— அவ்வளவுதானா? இதுக்கா அந்த மனுசன் கண்ணாடியைக் கழத்தினாரு?

— அவ்வளவுதான்.

— அப்பம் நான் ஒரு வாக்கியம் சொல்லிப் பாக்கேன். "நம்ம போதகர் பேலியோ… அந்த இது… நல்ல மனுசன்."

— ஆளுக்குச் சொல்லப்பிடாது.

— "மஸ்கட்டுல பேலியோ இது, சூடு கூடுதல்."

— இப்பம் அடிக்க வெயிலுக்கும் சொல்லப்பிடாது. எப்பவோ இருந்து, போயி, அடையாளம் மட்டும் மிஞ்சிக் கிடக்கதுக்குத்தான் சொல்லணும். உனக்க தலையை எடுத்துக்க. பேலியோஇகலாஜிக்கலி அது ஒரு காடு. இப்பம் பாறை.

— ஏட்டி! தலையைத் தொட்டா நடக்கது வேற.

— கோவப்படாம கேளு. காடுன்னு நான் சொல்லிட்டேன். வனத்துறைக்காரன் ஜீப்பு எடுத்துட்டு உனக்க தலைக்கு வருவானா? வரமாட்டான். அந்த வார்த்தை முன்னால காவல் நிக்குல்லா? அதை எடுத்துப் பாரு. "எட்சனுக்க தலை ஒரு காடு." எங்ஙன இருக்கு?

— டிரைவர் சிரிக்கான். பைய பேசு.

— இங்கயும் அதே காரியம்தான். அந்த வார்த்தை இருக்க வரைக்கும், எப்பவோ குளமா இருந்துச்சு, இப்பம் இல்லைன்னு அர்த்தம். அதை எடுத்தா என்ன மிஞ்சும்? "இந்த இடம் ஒரு குளம்." அந்தத் தாளை வெச்சு ஒரு செங்கல் எடுத்து வைப்பியா நீ?

— அது சரிதான். ஐயோ, அது சரிதான்! அப்பம் அந்த வார்த்தை கிடக்கட்டும். நீ விளக்கத்துல அதையே ரெண்டு தடவை எழுது. அதோட, அந்தக் குளம் எப்பம் மண்ணு மூடித் தூந்துபோச்சுன்னும் போட்டுரு. அதைத்தான் தாசில்தார் முக்கியமா கேட்டாரு. "ரொம்பப் பழைய காலத்துலே தூந்த குளம்னா எனக்கு ஆட்சேபணை இல்லை. நம்ம தலைமுறையில தூத்ததுன்னா ஒரு செங்கல் வைக்க விடமாட்டேன்"ன்னாரு.

— அதுதான் எனக்கு எழுத முடியல்ல.

— ஏன் முடியல்ல? ராஜா காலத்துலேயே தூந்துபோச்சுன்னு எழுது.

— எந்த ராஜா?

— எனக்கென்ன தெரியும், நல்ல ராஜாவா பாத்து ஒருத்தரைப் போடு.

— அண்ணே, நான் குழாய் இறக்கி எடுத்த மண்ணுல, மேல அரையடிக்குள்ளேயே தாமரை மகரந்தம் கிடக்கு. ஆம்பல் கிடக்கு. மேலயே கிடந்தா குளம் தூந்து ரொம்ப நாள் ஆகல்லேன்னுல்லா அர்த்தம், ராஜா கதை எழுத வழியில்லை. அதோட அந்த மண்ணு ஆளைப் பைத்தியமாக்கிப் போட்டு. எங்கயும் அடியில உள்ளதுதான் பழசா இருக்கும், மேல மேல வரும்போ புதுசாகும். இங்க தலைகீழா கிடந்துச்சு. அடியில புதுசு, மேல பழசு. லேப்ல ரெண்டு தடவை காலம் பாத்தோம். ரெண்டு தடவையும் அதே கூத்து.

— பெறவு என்ன எழுதின?

— பெருவெள்ளம் வந்து குளத்தைப் புரட்டிப் போட்டிருக்கும்னு எழுதினேன். பழையாறு பக்கத்துலதானே போகுது. அந்த வெள்ளத்தைத்தான் எல்லாரும் கொண்டாடினாங்க. "இப்படி ஒரு வெள்ளத்துக்கு இதுவரை சாட்சியே கிடையாது"ன்னு பாராட்டினாங்க. அந்தக் கட்டுரைக்காக்கும் எனக்கு யூனிவர்சிட்டியில வேலைக்கு ஆர்டர் வரப்போறது.

— வெள்ளமா?

— ஏன் அண்ணே சிரிக்க?

— ஒண்ணுமில்லை. வெள்ளத்துக்கு ஒரு பேரு உண்டு. ஏசுஅடிமை.

— யாரது?

— லாரி டிரைவர். அப்பாவுக்க கூட்டுக்காரன். பிள்ளே, இது வேத்து மண்ணாக்கும். கோடையில பெரியகுளம் வத்தும்போ தூர் வாருவாங்கல்லா, அந்த வண்டலை ஊர்ல எல்லாரும் அடிச்சுக் கொண்டுபோயி வாழைக்கும் தென்னைக்கும் போடுவாங்க. அந்த வருசம் அப்பா மத்தவங்களை மாதிரி வண்டியில அள்ளல்ல. ஏசுஅடிமைக்க லாரியைப் பிடிச்சு, வாழை வைக்கேன்னு இங்க கொண்டு தட்டினாரு. குளத்துக்க மேல்மண்ணு முதல்ல வந்து அடியில விழுந்துச்சு. குளத்துக்க அடிமண்ணு கடைசியா வந்து மேல விழுந்துச்சு. தலைகீழா கிடக்காதா பின்ன?

— நில்லு. நில்லு அண்ணே. பெரியகுளத்து மண்ணா?

— பெரியகுளத்து மண்ணு. உனக்க தாமரை, ஆம்பல் எல்லாம் லாரியில ஏறி வந்த சாமானாக்கும். இங்க குளம்னு ஒண்ணு கிடையவே கிடையாது. இதைத்தான் நான் முதல்லயே நினைச்சிருக்கணும். கலாஸ்! கேஸ் முடிஞ்சுது!

— நான் மூணு வருசம் கண்ணு வலிக்க வலிக்க மைக்ராஸ்கோப்புல எண்ணினது லாரி மண்ணா?

— நீ ஏன் எங்கிட்ட ஒரு வார்த்தை கேக்கல்ல?

— நீ மஸ்கட்டுல இருந்த. அப்பாவும் இல்லை, அம்மாவும் இல்லை. நம்ம சொந்த மண்ணு, யாருட்டயும் அனுமதி கேக்க வேண்டாம்னுதான் இங்க குழாய் இறக்கினேன். நாஞ்சில்நாட்டுல பிறந்தவளுக்கு, ஒரு தோட்டத்துல கறுப்பு மண்ணைக் கண்டா இது குளத்துல இருந்து அடிச்ச மண்ணா இருக்குமோன்னு தோணியிருக்க வேண்டாமா? வெளிநாட்டுல இருந்து ஒருத்தன் வந்து ஏமாந்தா நாம சிரிப்போம். நான் நம்ம வீட்டுத் தோட்டத்துலயே ஏமாந்து நிக்கேன். நாணக்கேடு அண்ணே.

— அழாத மக்கா. இது இப்பம் யாருக்குத் தெரியும்? விவரம் தெரிஞ்ச பழைய ஆளுங்க ஒக்க கல்லறைத் தோட்டத்துல கிடக்காங்க.

— எனக்குத் தெரிஞ்சுபோச்சே. இனி மறைக்க முடியாது. கட்டுரையைத் திருப்பி எடுக்கேன்னு எழுதணும்.

— எடுத்தா அந்த ஜோலி?

— போவும்.

— போவுமா? முழுசாவா?

— வெள்ளமே வரல்லேன்னு சொன்ன பெறவு, வெள்ளத்துக்காகத் தாறதா இருந்த வேலையைத் தருவாங்களா?

— ஆன்ஸ்லின்… நான் ஒண்ணு சொல்லட்டா? வேண்டாம். நீ எழுத வேண்டாம். நான் சம்பந்தியிட்ட ஏதாவது சொல்லிச் சமாளிக்கேன். சர்ச் மண்டபத்துலயே நடத்திருவோம்.

— நீ சமாளிக்க மாட்ட. உனக்குப் பொய் சொன்னா காது சிவக்கும். உள்ளதை எழுதுவோம், அண்ணே. எனக்குப் போறது போகட்டும், குளோரிக்க கல்யாணமாவது அப்பாவுக்க பேருல நடக்கட்டும். பேப்பர் குடு.

— எனக்கு உன்னை மாதிரி ஒரு பிள்ளை… சரி, சரி, நான் அழல்ல. தூசி.

— ஆனா நான் எழுதினா மட்டும் போதாது. "முதல்ல குளம்னு எழுதினா, அண்ணன் கேட்டதும் இல்லைன்னு எழுதிட்டா"ன்னு வைகுண்டராஜன் சார் சொல்லுவாரு. லாரி மண்ணுன்னு காட்டச் சாட்சி வேணும்.

— நான்தான் சாட்சி. எனக்கு அப்பம் பத்துப் பதினோரு வயசு, நீ தொட்டில்ல கிடக்க. மாமரத்துல ஏறி இருந்து லாரி தட்டுகதைப் பாத்துட்டே இருந்தேன்.

— மரத்துல இருந்து பாத்ததை எல்லாம் தாசில்தார் நம்புவாரா? வந்த மண்ணு எங்க முடியுது, நம்ம மண்ணு எங்க தொடங்குதுன்னு காட்டணும். நான் எங்க குழாய் இறக்கினாலும் ஒரே கறுப்பு. வடக்கு ஓரத்துல மட்டும் ஒரு ஆள் ஆழத்துல கல்லுல முட்டி நின்னுட்டு. இயற்கையான பாறைன்னு எழுதி வெச்சேன்.

— அதோ ரோட்டுல ஜீப்பு திரும்புது. தாசில்தார்தான். நீ என்ன சொன்ன, பாறையா?

— பாறைதானே?

— பாறையும் இல்லை, ஒரு மண்ணும் இல்லை! படிச்சுப் படிச்சு நாசமாப் போன. அது நம்ம படித்துறைக் கல்லுல்லா! வரிசையா இறங்கிப் போகும். அம்மா துணி அடிச்சது அதுலதான். எனக்க தாடையில இந்தத் தழும்பு எங்ஙன வந்துச்சுன்னு நினைக்க? கடைசிப் படியில பாசி வழுக்கி விழுந்ததாக்கும். தம்பி, டிரைவர் தம்பி, வண்டியை எடுடே! வடக்கு ஓரத்துல தோண்டு! தாசில்தார் கண்ணால காணட்டும். படித்துறை வரைக்கும் உள்ளது ஒக்க லாரி மண்ணுன்னு நிரூபணம் ஆச்சா இல்லியா? கலாஸ்! என்னட்டி, வாயைப் பொளந்துட்டு நிக்க? சீக்கிரம் எழுது, அவரு இறங்கியாச்சு.

— காலையில இருந்து நீ கேட்டதைத்தான் எழுதுகேன் அண்ணே. அந்த ஒத்த வார்த்தையை மட்டும் எடுத்துருகேன். மத்ததெல்லாம் அப்படியே கிடக்கட்டும்.