மோரே, மோரே

இல்லைப் பிள்ளை, நீங்களே சொல்லுங்கோ. தாகத்துக்கு மோர் குடுத்தது ஒரு குற்றமே? இருங்கோ, இருங்கோ, தேத்தண்ணி இன்னும் ஆறேல்லை. லண்டனிலை இந்த மோர்டனுக்குக் குடிவந்து மூண்டு நாள்தானே, உங்களுக்கு மேல்வீட்டு வெஸ்னாவைத் தெரியாது. குரோஷியாக்காரி. என்னோடை ஆஸ்பத்திரி லாண்ட்ரியிலை ஒரே ஷிப்ட். கவிதை எழுதுறவவாம்!

எல்லாம் அழுகைக் கவிதை. முதலாவதிலை காத்து. ரெண்டாவதிலை காதலன். மூண்டாவதிலை அந்தக் காத்து வந்து காதலனை அடிச்சுக்கொண்டு போட்டுது... பிறகென்ன, பைன் மரம் நிண்டு அழுது. ஏனடி, உங்கடை ஊரிலை மரத்துக்கு வேறை வேலை இல்லையோ எண்டு கேட்டன். "அருமை, உனக்கு நெஞ்சிலை ஒண்டும் இல்லை" எண்டாள். அருமைநாயகி எண்டு முழுசாச் சொல்லத் தெரியாது, என்ரை நெஞ்சு மட்டும் தெரியுமாம்!

போன சனிக்கிழமை லைப்ரரியிலை உவளின்ரை கவிதை வாசிப்பு. சண்டைக்குப் பயந்து ஓடிவந்த பொம்பிளையளுக்கெண்டு வைச்சவை. நான் முன்வரிசை. உவள் கண்ணை மூடி, தன்ரை பாஷையிலை "மோரே... மோரே..." எண்டு கையை வேறை நீட்டுறாள். நாக்காலை உதட்டையும் நனைக்கிறாள். மோர் எண்ட சொல்லைப் பழக்கினதே நான்தான் பிள்ளை! வெய்யிலுக்கு என்ரை வீட்டிலை எத்தினை கப் குடிச்சவள். அண்டைக்கும் பிளாஸ்கிலை கொண்டுபோனனான். விறுவிறெண்டு மேடையிலை ஏறிக் கையிலை குடுத்தன். சபை கொல்லெண்டு சிரிச்சுது.

அவையின்ரை பாஷையிலை மோரே எண்டா கடலாம். படகிலை போன அவளின்ரை மனுசன் திரும்பேல்லை, அந்தக் கடலைக் கூப்பிட்டு அழுறாள்... நான் பச்சைமிளகாய் போட்ட மோரோடை பக்கத்திலை நிக்கிறன்.

கோவமோ? அவளுக்கோ? சே... அதிலையே மிச்சம் வைக்காமல் குடிச்சிட்டுத்தான் மிச்சத்தை வாசிச்சவள். அண்டையிலையிருந்து ஒவ்வொரு நாளும் வந்து கதவைத் தட்டுறாள். நான்தான் திறக்கிறேல்லை, வேலையிலையும் முகம் குடுக்கிறேல்லை.

ஏனெண்டோ? பஸ்ஸிலை வரேக்கை கேட்டாள், "உங்கடை பாஷையிலை மோரேக்கு என்ன?" கடல் எண்டன். "அதுக்குள்ளை உன்ரை ஆர்?" எண்டாள். கேள்வியைப் பாருங்கோவன்! என்ரை தம்பி சண்டைக்குள்ளை யாழ்ப்பாணத்தை விட்டுப் படகிலை கிளாலிக் கடல் தாண்டவெண்டு வெளிக்கிட்டு... பத்து மாசமா ஒரு சேதியும் இல்லை. கனடாவிலை இருக்கிறான் எண்டுதான் எல்லாருக்கும் சொல்லி வைச்சிருக்கிறன். உங்களுக்கும் அப்பிடித்தானே சொன்னனான்? வாயைத் திறந்தா நானும் அந்தப் பைன் மரம் மாதிரி அழுதுபோடுவன் பிள்ளை.

இந்தா, தட்டுறாள். அசையாதேங்கோ... எங்கை எழும்புறியள்? பிள்ளை! ஐயோ, கதவைத் திறந்துவிட்டிட்டெல்லோ போறா!

...வா வெஸ்னா. கம், கம். என்ன, மோரோ? எந்த மோர்? ரெண்டும் இருக்கு. இரு.