விசாரணைக்கு முன் அழித்த பொட்டு

அரசாங்கம் ஏழைகளுக்கு மாதாமாதம் தரும் பிச்சைச் சம்பளத்துக்கான விசாரணை. அரசாங்கக் கந்தோரின் வெளி விறாந்தையில் எனக்கு முன்னால் இரண்டு பெண்கள் இருந்தார்கள்.

"கூப்பிட முந்திப் பொட்டை அழி," என்றாள் மூத்தவள்.

பிள்ளைகளின் பிறப்புப் பத்திரங்களை அடுக்கிக்கொண்டிருந்த இளையவள் திடுக்கிட்டாள்.

"ஏன் மச்சாள்? வவுனியாவுக்குப் போனவர் இன்னும் வரேல்லை எண்டு ஊர் விதானையார் எழுதித் தந்திருக்கிறார்தானே?"

"கடுதாசியை ஆர் பாக்கினம்? முகத்தைத்தான் பாப்பினம். புருசன் உழைச்சுத் தாறான் எண்டு திருப்பி அனுப்பினால் பிள்ளையளுக்கு என்னத்தைக் குடுப்பாய்?"

"அவர் உங்கடை தம்பியெல்லோ!"

"ஓம். தம்பிதான்."

உள்ளேயிருந்து இளையவளின் பெயரைக் கூப்பிட்டார்கள். மூத்தவள் தன் சேலைத் தலைப்பால் அவள் நெற்றியை அழுத்தித் துடைத்தாள். பிறகு பைக்குள்ளிருந்து சுருட்டி மடித்த ஒரு சிறிய கடதாசிச் சரையை எடுத்துக் காட்டினாள்.

"குங்குமம் கொண்டந்தனான். வெளியிலை வந்த உடனை நானே வைச்சுவிடுறன். போ."