தங்கம் சொன்ன அளவு

"அந்த நர்ஸ் மிஸ்ஸி டேப் பிடிக்கிற லட்சணத்தை நீ பாத்திருக்கணும் ஜோன். கொடிக்கயிறு கட்டுற மாதிரி இடுப்பைச் சுத்தி இழுக்கிறா. அந்த அளவுல ரவிக்கை தைச்சா யாரு போடுறது?"

பக்கத்துக் கட்டிலில் இருந்த ஜோன் பதில் சொல்லவில்லை. சொல்லவும் கூடாது. ஜூரோங் தொழிற்சாலையில் வேலை பார்க்கும் அந்தப் பெண்ணுக்கு முந்தாநாள்தான் கழுத்தில் கட்டியை எடுத்திருந்தார்கள். நாலு நாளைக்கு வாயைத் திறக்காதே என்று டாக்டர் கட்டளையிட்டிருந்தார். முப்பது வருஷமாகத் தையல் மிஷின் சத்தத்துக்கு மேலே பேசியே பழகிய தங்கத்துக்கு, ஆஸ்பத்திரியில் இதைவிட நல்ல துணை கிடைத்திருக்க முடியாது.

காலையிலிருந்து அவள் பேச்சு புக்கிட் பாத்தோக் வீட்டில் ஆரம்பித்து இங்கே வந்து சேர்ந்திருந்தது. நடுவில் லிஃப்ட் நிற்காத மாடி, எதிர்வீட்டுக்காரியின் மீன் வாடை, புருஷன் மாணிக்கம் வாங்கி வந்த கல் மாதிரியான ரொட்டி எல்லாம் வந்து போயின. வலி வந்த கதையும் வந்தது. ஒரு கல்யாண வீட்டில் பிரியாணி சாப்பிட்ட ராத்திரி, வலது விலாவுக்குக் கீழே ஊசியாகக் குத்தியது. ஒரு வாரம் கோடாலித் தைலம் தேய்த்துப் பார்த்தாள். காய்ச்சலும் வாந்தியும் வந்த பிறகுதான் மாணிக்கம் டாக்ஸி பிடித்தார். அதற்குள் வயிறு உப்பிவிட்டிருந்தது.

முதலில் வந்த சின்ன டாக்டர், குடிப்பீர்களா என்று கேட்டாராம். ஈரல் கெட்டாலும் வயிற்றில் நீர் கட்டுமாம். பிள்ளை பெற்ற மூன்று தடவையும் மாமியார் அரைக் கிளாஸ் ஸ்டவுட் பீர் கொடுத்ததையும், அதிலும் பாதியைத் தொட்டியில் ஊற்றியதையும் தங்கம் விவரமாகச் சொன்னாள். அவர் எழுதிக்கொண்டே இருந்ததைப் பார்த்தால் பீப்பாய்க் கணக்கில் எழுதியிருப்பார் என்று அவளுக்குத் தோன்றியது.

ஸ்கேன் எடுத்த பிறகு பெரிய டாக்டர் வந்து, ஈரல் நன்றாக இருக்கிறது, பித்தப்பையில்தான் கல் என்றார். பை புண்ணாகி வீங்கியிருக்கிறது, அதனால் வயிற்றுக்குள் கொஞ்சம் நீர் சேர்ந்திருக்கிறது. மருந்துக்கு அந்த நீர் வற்றினால் வீட்டுக்குப் போகலாம். ஆறு வாரம் கழித்து வந்து பையை எடுத்துக்கொள்ளலாம். ஏறிக்கொண்டே போனால் பையில் எங்கோ ஓட்டை விழுந்து பித்தநீர் கசிகிறது என்று அர்த்தம், உடனே திறந்தாக வேண்டும், விட்டால் உயிருக்கு ஆபத்து.

"அதாவது, பையில தையல் விட்டிருக்கான்னு பாக்கணுமாம்," என்று தங்கம் ஜோனுக்கு விளக்கினாள்.

அதற்குத்தான் தினமும் காலையில் வயிற்றின் சுற்றளவு. தொப்புளுக்கு இரண்டு பக்கமும் மையால் கோடு போட்டிருந்தார்கள். நர்ஸ் பரீதா டேப்போடு வந்த முதல் நாளே தங்கம் அதை வாங்கிக்கொண்டுவிட்டாள். இருபது கட்டில் பார்க்க வேண்டிய பரீதாவுக்கும் அது சௌகரியமாகத்தான் இருந்தது. தங்கம் அளந்து சொல்வாள், பரீதா எழுதுவாள். தொண்ணூற்றாறு சென்டிமீட்டர். தொண்ணூற்றைந்து. தொண்ணூற்று மூன்று. நேற்று பெரிய டாக்டர் அட்டையைப் பார்த்துவிட்டு, இன்றைக்கு வீட்டுக்குப் போகலாம் என்று சொல்லிவிட்டார்.

தங்கம் துணிமணியை மடித்துப் பைக்குள் வைத்துவிட்டாள். தீபாவளிக்கு ஒன்பது நாள்தான். வெட்டிய நாற்பது ரவிக்கைத் துணி வீட்டில் கிடக்கிறது.

பிறகு குரலைத் தாழ்த்தினாள். தொழில் ரகசியம் ஒன்று சொல்லப்போகிறவளின் பெருமை முகத்தில் இருந்தது. குண்டான பொம்பளைங்ககிட்ட உண்மையான அளவை யாராவது சொல்வாங்களா? முப்பது வருஷமாக அவள் வாயால் சொல்வது ஒன்று, நோட்டில் எழுதுவது ஒன்று. முப்பத்தெட்டு அங்குலம் என்றால் முப்பத்தைந்து என்பாள்; வந்தவள் சிரித்துக்கொண்டே போவாள், ரவிக்கையும் பொருந்தும்.

"இங்கேயும் அப்படித்தான் லா. வாயில ஒண்ணு. கை பழக்கம் விடுமா, நோட்டுல ஒண்ணு. இந்தா, பாரு."

தலையணைக்கு அடியிலிருந்து நோட்டை எடுத்து ஜோனின் மடியில் வைத்தாள். வாடிக்கையாளர் பெயர்களுக்குக் கீழே, கடைசிப் பக்கத்தில், 'தங்கம்' என்று எழுதியிருந்தது. தொண்ணூற்றாறு, தொண்ணூற்றெட்டு, நூறு, இன்று காலை நூற்று இரண்டு. கீழே போகப் போக எழுத்து சின்னதாகிக்கொண்டு போனது.

தங்கம் ஜன்னல் பக்கம் திரும்பி உட்கார்ந்து தலை பின்ன ஆரம்பித்தாள். சிராங்கூன் ரோட்டில் விளக்குக் கட்டிவிட்டார்களாம் என்றாள். சேலைக் கடைகளில் கூட்டம் என்றாள். சீட்டுப் பிடிக்கிற அம்மா ஒருத்தி போன வருஷம் ரவிக்கை ஹூக் தள்ளிப் போய்விட்டது என்று சண்டை போட்டதைச் சொன்னாள். மூச்சு வாங்கியது. பின்னல் பாதியில் நின்றது.

"ரவிக்கையெல்லாம் சும்மா சாக்கு ஜோன். எங்க வீட்டுக்காரரு கேட்டா அதைத்தான் சொல்லுவேன். காலமெல்லாம் கத்தரிக்கோல் பிடிச்சவ நான். துணியைப் போட்டு வெட்டறப்ப அது எப்படிக் கிடக்கும்னு எனக்குத் தெரியும்ல. அதான் ஆபரேஷன்னா பயமா இருக்கு." வெளியே பார்த்தபடியே கேட்டாள்: "உனக்கு வலிச்சுச்சா?"

தலையசைப்பையாவது பார்க்கலாம் என்று திரும்பினாள். கட்டில் காலியாக இருந்தது. நோட்டும் இல்லை.

வார்டின் கோடியில், கழுத்துப் புண்ணிலிருந்து வடியும் குழாயின் குப்பியை ஒரு கையில் பிடித்தபடி ஜோன் நின்றிருந்தாள். அவள் நீட்டிய நோட்டில் பரீதாவின் விரல் வரி வரியாக இறங்கியது. பரீதா டேப்பை எடுத்துக்கொண்டு வேகமாக வந்தாள். பின்னாலேயே ஜோனும் சுவரைப் பிடித்துக்கொண்டு வந்து சேர்ந்தாள்.

"வாயைத் திறக்காமலே கோள் சொல்லிட்டியே," என்றாள் தங்கம்.

"கையைத் தூக்குங்க ஆன்டி," என்றாள் பரீதா. அவள் முகம் வெளுத்திருந்தது.

தங்கம் டேப்புக்குக் கை நீட்டவில்லை. இரண்டு கையையும் தூக்கினாள்.

"நூற்று மூணு," என்றாள் பரீதா.

"எழுதிக்கோ," என்றாள் தங்கம்.

அதற்குப் பிறகு எல்லாம் சீக்கிரம் நடந்தது. பெரிய டாக்டர் வந்து வயிற்றைத் தட்டிப் பார்த்தார். ஊசியில் இழுத்த நீர் பித்தப் பச்சையாக வந்தது. மத்தியானமே ஆபரேஷன் என்றார். மாணிக்கத்துக்கு ஃபோன் போனது. பரீதா கையெழுத்துக்குக் காகிதம் எடுக்கப் போனாள்.

தங்கம் படுத்திருந்தாள். ஜோன் கட்டில் ஓரத்தில் உட்கார்ந்து, பாதியில் நின்ற பின்னலை எடுத்து முடித்துக்கொண்டிருந்தாள்.

"கேட்டதுக்குப் பதிலே சொல்லலையே நீ. வலிச்சுச்சா?"

ஜோன் தலையசைத்தாள். கட்டைவிரலையும் ஆள்காட்டி விரலையும் நெருக்கிக் காட்டினாள். நடுவில் ஒரு நூல் போகிற இடைவெளி.

தங்கம் அந்த இடைவெளியை உற்றுப் பார்த்தாள். "இது நோட்டுல எழுதுற அளவா, எனக்குச் சொல்ற அளவா?"

ஜோனின் விரல்கள் இன்னும் கொஞ்சம் விலகின.