கைப்பிடி இல்லாத படிக்கட்டு

இந்த அறைக்கு ஜன்னலைத் தப்பான பக்கத்தில் வைத்துவிட்டார்கள். சாயங்கால வெயில் நேராக உங்கள் கண்ணில் அடிக்கிறது. நாற்காலியைக் கொஞ்சம் நகர்த்திப் போட்டுக்கொள்ளுங்கள். நான் கட்டிடம் கட்டுகிறவன் இல்லை. கட்டியவர்களையும் அவர்கள் வாழ்ந்த காலத்தையும் பற்றி எழுதுகிறவன். கல்லூரியில் சரித்திரப் பேராசிரியர்.

நீங்கள் கேட்கிற அந்தக் கட்டிடக் கலைஞர் தனக்கென்று கட்டிக்கொண்ட வீட்டை ஊரறியச் செய்தவன் நான்தான். சுவரிலிருந்து நீளும் கான்கிரீட் படிகள், கைப்பிடி கிடையாது. புதிதாக விடுதலை பெற்ற தலைமுறை எதையும் பிடித்துக்கொள்ளாமல் நிற்க ஆசைப்பட்டது, அந்த ஆசையின் உருவம் இது என்று எழுதினேன். என் பெயர் நிலைத்தது அந்த வரியால்தான். அவரிடம் கேட்டபோது சிரித்தார்.

"அப்போ எனக்கு முப்பது வயசு வாத்தியாரே. விழுவோம்னே தோணல."

அதை நான் புத்தகத்தில் சேர்க்கவில்லை.

எனக்குக் குடும்பம் இல்லை. கல்லூரி விட்டதும் அவர் வீட்டுக்குப் போய்விடுவேன். தான் கட்டியது எதைப் பற்றியும் அவர் பேசமாட்டார். பக்கத்து வீட்டு நாய், மூட்டுவலி, இப்படி ஏதாவது. கிளம்பும்போது, "நாளைக்கு வருவீங்கல்ல?" என்பார். வேறு யாரும் என்னை அப்படிக் கேட்டதில்லை.

வெளியூரிலிருந்து அவர் மகள் என்னிடம் போனில் பேசினாள். "அப்பா தடுமாறுறார் அங்கிள். கைப்பிடி போடச் சொல்லித் தச்சரை அனுப்பறேன்."

வந்த தச்சரை வாசலோடு திருப்பி அனுப்பினேன். அப்பாவுக்கு இஷ்டமில்லை என்று அவளிடம் சொன்னேன். உண்மையில் கைப்பிடி கேட்டவரே அவர்தான். ஆனால் அப்படியொரு வீட்டில் ஆணி அடிக்க விடலாமா, நீங்களே சொல்லுங்கள்.

"அப்படின்னா நானே வந்து அவரைக் கூட்டிட்டுப் போயிடறேன்" என்றாள். இதை நான் எதிர்பார்க்கவில்லை.

அவள் வரவேண்டிய நாளன்று அவர் புதுச் சட்டை போட்டுக்கொண்டு மாடியிலிருந்து இறங்கினார். நான் அவருக்கு ஒரு படி முன்னால் இறங்கிக்கொண்டிருந்தேன். பாதியில் அவருக்குக் கால் தடுமாறியது.

"கையக் குடுங்க வாத்தியாரே."

நான் கைகளைப் பின்னால் கட்டிக்கொண்டு ஒதுங்கி நின்றேன்.

விழுந்த பிறகும் நினைவு இருந்தது. "டாக்டருக்குப் போன் பண்ணுங்க" என்றார். "பண்றேன் சார்" என்றேன். பண்ணவில்லை. அவர் தலையை என் மடியில் எடுத்து வைத்துக்கொண்டேன். வாசல் மணி அடித்தது. "அப்பா" என்று மகள் கூப்பிடுவதும் கேட்டது. எழுந்துபோய்க் கதவைத் திறந்திருக்கலாம், திறக்கவில்லை. கொன்றது நான்தான், அப்படியே எழுதிக்கொள்ளுங்கள் இன்ஸ்பெக்டர்.

ஒன்றை மட்டும் விட்டுவிடாதீர்கள். கடைசியில் என் சட்டையை இரண்டு கையாலும் இறுக்கிப் பிடித்துக்கொண்டார், விடவே இல்லை. என்னை விட்டுப் போக அவருக்கும் மனமில்லை என்பது அப்போதுதான் எனக்கு நிச்சயமானது.