வலது கைத் தழும்பு

— அப்புறம் இன்னா செஞ்சேன்? சொல்லு பாரதி.

— மொதல்ல கரும்ப வெட்டுயா. லோடு ஏத்த வண்டி வந்துடும்.

— வெட்டிக்கினேதான கேக்குறேன். பழச தெனமும் சொல்லுங்க, ஞாபகம் வரும்னாரு இல்ல டாக்டரு...

— ஒரு வருசமா சொல்லிக்கினுதான் இருக்கேன். டிராக்டர் லோடு மேலருந்து வுழுந்து, பொண்டாட்டி பேரே தெரியாம முழிச்சியே, அன்னியிலேருந்து.

— இன்னொரு தபா சொல்லேன். கல்யாணமான புதுசுல...

— எனக்கு ஜொரம். பஸ்ஸு இல்ல. கோமுகி டேம்லேருந்து கச்சிராயபாளையம் ஆஸ்பத்திரி வரைக்கும் முதுவுல தூக்கிக்கினு வந்த.

— ஒன்ன அடிச்சதே இல்லியா நானு?

— சத்தம் போட்டுக்கூட பேச மாட்ட.

— சாராயம்?

— அந்த வாசனையே ஆவாது ஒனக்கு.

— நல்ல மனுசனாத்தான் இருந்திருக்கேன்...

— ஆமா. இன்னாத்துக்கு இப்ப கத்தியக் கீழ வச்சிட்ட?

— ஒங்கையில அந்தத் தழும்பு...

— கரும்பு வெட்டறப்ப பட்டுச்சுன்னு சொன்னேன் இல்ல?

— கத்திய வலது கையில புடிக்கறவ நீ. தவறுனா எடது கையில படும், இல்ல காலுல படும். தழும்பு வலது கையில இருக்குது.

— கத்திய எடுயா, வண்டி வந்துடும்.

— யாரு கத்தி, பாரதி?

— அவன் செத்துட்டான்யா.

— யாரு?

— லோடு மேலருந்து வுழுந்தானே, அவன். எழுந்து வந்தது வேற ஆளு. ஒனக்கு ஞாபகமே இல்லாதது ஒன்ன எப்புடி சேரும்?

— கை இதே கைதான?

— வுடு... வெயில் ஏறுது.

— அந்த ஜொரக் கதை?

— ஜொரம் நெசம். நான் தனியாத்தான் நடந்து வந்தேன். நீ தூக்கிக்கினு வந்திருந்தா எப்புடி இருக்கும்னு நெனச்சிக்கினே நடந்தேன்... அதையே சொல்லிட்டேன்.

— நீ சொன்ன ஆளாவே இருந்துடலாம்னு பாத்தேன். முடியல பாரதி. எனக்கு தையிலயே எல்லாம் திரும்பி வந்துடுச்சு. அந்தக் கத்தி, நீ போட்ட சத்தம், எல்லாம். வெட்டுனது நாந்தான்.

— தெரியும். அதுக்கு முன்ன தெனமும் இந்தத் தழும்பத் தொட்டு, எப்புடி ஆச்சுன்னு கேப்ப. தை பொறந்ததும் கேக்கறத வுட்டுட்ட. எந்த ஆளு திரும்பி வந்திருக்கான்னு தெரியாம, ரெண்டு மாசமா ராத்திரியில ஒங்கத்திய எடுத்து எம்பாய்க்கு அடியில வச்சிக்கினுதான் படுக்கறேன். மன்னிச்சிட்டேன்னு சொல்லல... இன்னிக்கு அது வெளியவே கெடக்கட்டும்.