எலுமிச்சை அனுப்பிய வீடு

— நக்கிப் பாரு.

— எதை?

— கரண்டியைத்தான். பேசாம நக்கிப் பாரு, ஓர்சு.

— இந்தா பாரு தேவோத்தா, சம்பந்தம் பேச வர்றவங்க வந்துக்கிட்டு இருக்காங்க, இப்பப் போய்... ம்ம். எலுமிச்சை வாசனை தூக்குது. சர்க்கரையும்... ஐயோ.

— என்ன ஐயோ? வாயைத் திறந்து சொல்லு.

— உப்பு.

— உப்பா? உப்பளம்! ஏ மனுஷா, கருக்கல்ல எழுந்து முட்டை அடிச்சு, எலுமிச்சைத் தோல்ல வெள்ளை படாம மஞ்சளை மட்டும் துருவி, ஒரு கரண்டி சாராயம் விட்டு, பார்த்துப் பார்த்துக் கலக்கி அடுப்புக்குள்ள வச்சிருக்கேன். உள்ள வேகறது ஃபியதோனெ கேக் இல்ல, உப்புக்கண்டம்!

— அவசரத்துல சர்க்கரைன்னு நினைச்சு நீதான்...

— என் கண்ணைக் கட்டி விடு, இந்த அடுப்படியில உப்பு எது, சர்க்கரை எதுன்னு எடுத்துத் தர்றேன். உள்ள வைக்கறதுக்கு முன்னாடி ருசி பார்க்கலை, அது என் புத்தி. ஆனா உப்பு என் கையால விழலை. காலையில நீ கறந்து, காய்ச்சி, கூடையில வடிச்சுக் கொண்டுவந்தியே ப்ரோச்சுப் பாலாடை, அதை என்ன பண்ணினே?

— என்ன பண்ணுவேன், எப்பவும் பண்றதைத்தான்...

— ஏன் பாதியில நிறுத்திட்டே?

— இந்தா பாரு, கோவப்படாதே.

— மாதாவே! உப்புத் தூவிட்டியா?

— ஈஸ்டர் முடிஞ்சா பச்சைப் பாலாடைக்கட்டியை யாரு வாங்கறா? மிச்சத்துக்கு உப்புத் தூவி வச்சாத்தானே கெடாம இருக்கும். வருஷக்கணக்கா பழகின கை, தானா போயிருச்சு.

— இன்னைக்கு மட்டும் உப்பைக் காட்டாதேன்னு ராத்திரி சொன்னேன். காலையில சொன்னேன். நீ பட்டிக்குப் போறப்ப பின்னாடியே ஓடி வந்தும் சொன்னேன்!

— ஓடி வந்து சொன்னே பாரு, அப்பதான் குழம்பிட்டேன்னு நினைக்கிறேன். உப்பு உப்புன்னு காதுல அதுவேதான் கேட்டுக்கிட்டு இருந்துச்சு.

— இப்ப தப்பு என் மேலயா? நல்லா இருக்கு!

— மேல கொஞ்சம் சர்க்கரையைத் தூவிட்டா?

— கழுதைக்குப் பட்டு கட்டினா குதிரை ஆயிடுமா? போ.

— அப்போ வேற ஏதாவது பண்ணு. கஷ்கொட்டை மாவு இருக்கு, பணியாரம் சுட்டுரு. நம்ம வீட்டுப் பணியாரத்தை வேண்டாம்னு சொன்னவன் உண்டா?

— உனக்கு மூளையையும் ஆட்டோட சேர்த்து மேய விட்டுட்டாங்களா? அந்தப் பையனோட அம்மா கடற்கரையில இருந்து பஸ் டிரைவர்கிட்ட எலுமிச்சம்பழம் கொடுத்து விட்டிருக்கா. என்ன சொல்லி விட்டா? 'எங்க எலுமிச்சை, உங்க பாலாடை. ரெண்டும் ஒரே தட்டுல வரட்டும், சேர்ந்து சாப்பிடுவோம்.' இப்ப ஃபியதோனெ மேசைக்கு வரலைன்னா என்ன அர்த்தம்?

— பொண்ணு தர மாட்டோம்னு அர்த்தம்.

— தெரியுதுல்ல? வாயால ஒரு வார்த்தை பேச வேண்டாம். அவங்க காப்பியைக் குடிச்சிட்டுத் தொப்பியை எடுத்துக்கிட்டுப் போயிட்டே இருப்பாங்க.

— சரி, உப்பா இருக்கறதையே வச்சா?

— 'எங்க வீட்டுப் பொண்ணு இப்படித்தான் இனிப்பா இருப்பா'ன்னு சொல்லி வைக்கவா?

— கத்தாதே தேவோத்தா, லிசாந்த்ராவுக்குக் கேட்டுரும்.

— கேட்காது. கண்ணாடி முன்னாடி நிக்கறா. அந்த நீல கவுனைப் போடறதும் கழட்டறதுமா இருக்கா. இப்ப மறுபடியும் துக்கக் கறுப்பை எடுத்து மடியில வச்சிக்கிட்டு உட்கார்ந்திருப்பா. நேத்து என்கிட்ட என்ன சொன்னா தெரியுமா? 'அம்மா, அந்தப் பையனைத் திருவிழாவுல பார்த்தேன், பேசினேன், மனசுக்குப் பிடிச்சிருக்கு. ஆனா நத்தாலினா அத்தை மனசு நோகும்னா நான் இந்த வாசப்படி தாண்ட மாட்டேன்.' அழுகை கூட இல்ல, அப்படியே கல்லு மாதிரி சொன்னா.

— நம்ம ரெண்டு பேரும் வாயைப் பொத்திக்கிட்டு இருக்கற வரைக்கும் நத்தாலினா அக்காவுக்கு எப்படித் தெரியும்? அவங்க வீட்டுப் பக்கத்து ஜன்னலைக் கூட சாத்திட்டே. சுட்ட வாசனைகூடப் போகாது.

— ஜன்னலை விடு. பச்சைப் பாலாடை ஒரு கூடையாவது கிடைக்குமா, அதைச் சொல்லு. முட்டை இருக்கு, எலுமிச்சை இருக்கு. அவங்க பஸ் வளைவு ஏறி வர்றதுக்குள்ள ஒண்ணு சுட்டு இறக்கிடுவேன்.

— மத்த ஆட்டுக்காரங்க எல்லாம் காலையிலயே கீழே போற வண்டியில ஏத்திட்டாங்க. நம்மதுல உப்புப் படாதது... ஒரே ஒரு கூடை இருக்கு.

— எங்க? எங்க வச்சே? சொல்லித் தொலையேன்!

— நத்தாலினா அக்கா வீட்டுல.

— அங்க எதுக்குக் கொண்டுபோனே?

— வடிச்ச முதல் கூடை துக்க வீட்டுக்குத்தானே போகும். தினமும் கொடுக்கற மாதிரி இன்னைக்கும் கதவுகிட்ட நின்னு கொடுத்துட்டு வந்தேன்.

— அடப் பாவி.

— நான் வேணா போய் நைஸா கேட்டுப் பார்க்கறேன்.

— கொடுத்ததைத் திருப்பிக் கேட்பியா? அதுவும் துக்க வீட்டுல? சரி, கேட்டேன்னே வச்சுக்கோ. 'எதுக்கு ஓர்சு?'ன்னு ஒரு வார்த்தை கேட்டா என்ன சொல்லுவே? 'அக்கா, உங்க பெத்ருவுக்கு நிச்சயம் பண்ணின பொண்ணை இன்னொருத்தனுக்குக் கொடுக்கப் போறோம், அதுக்குப் பலகாரம் சுட உங்க பாலாடை வேணும்'னு சொல்லுவியா? இதே வீட்டுலதான் ரெண்டு குடும்பமும் கட்டித் தழுவி முடிச்சு வச்சோம். அப்புறம் ஒரு மாசம்கூட ஆகலை, அந்தப் பையன் மர லாரியோட பள்ளத்துல போயிட்டான். அன்னையில இருந்து அவ கறுப்பு. என் பொண்ணும் கறுப்பு. மகனைப் பறிகொடுத்தவகிட்டப் போய் மருமகளையும் பறிச்சுக்கறோம்னு எப்படி ஓர்சு சொல்றது?

— தெரியும்மா. அந்தப் பையன் எனக்கும் புள்ளைதான். என் கூட எத்தனை கோடை மலையில படுத்திருக்கான்.

— அழாதே. கல்யாணக் கோட்டுல மூக்கைத் துடைக்காதே! போ, வெளிய போய் பஸ் சத்தம் கேக்குதான்னு பாரு.

— பஸ் இல்ல. ஆனா... இந்தா பாரு, இங்க வா. அவங்க வீட்டுப் புகைபோக்கியைப் பாரு.

— புகையா? சூப்பு வைப்பா.

— சூப்புக்கு இப்படி எரிப்பாங்களா? பெரிய அடுப்புப் புகை அது. ரெண்டு வருஷமா அந்த அடுப்பைத் திறந்து நான் பார்த்ததில்லை. வாசனையை முகர்ந்து பாரு.

— எலுமிச்சை. அது நம்ம அடுப்புல இருந்து வர்றது.

— காத்து அந்தப் பக்கத்துல இருந்துல்ல அடிக்குது?

— துக்க வீட்டுல யாராவது இனிப்பு சுடுவாங்களா? கிறிஸ்துமஸுக்கே நாம கொடுத்தனுப்பினதைத்தான் சாப்பிட்டா. உனக்கு உப்புல நாக்கு போச்சு, மூக்கும் போச்சு.

— ஏ தேவோத்தா! கதவைத் திற, கை சுடுது!

— மாதாவே, அவ குரல்! ஓர்சு, அந்த எலுமிச்சம்பழத்தை மறை! மேசை விரிப்பை இழு!

— எங்க மறைக்கறது? பாக்கெட்ல போகாது!

— நான் என்ன வேத்தாளா, கதவைச் சாத்தி வச்சிருக்கீங்க?

— வாங்க நத்தாலினாக்கா, வாங்க. சும்மாதான்... காத்துக்காகச் சாத்தினோம். ஒண்ணுமில்ல, எப்பவும் போலத்தான் இருக்கோம்.

— எப்பவும் போலயா ஓர்சு? கல்யாணக் கோட்டைப் போட்டுக்கிட்டு, ரெண்டு பாக்கெட்லயும் எலுமிச்சம்பழத்தைப் பிதுக்கிக்கிட்டு?

— அது... ஜலதோஷத்துக்கு.

— சரி சரி. இந்தத் துணியைப் பிரி தேவோத்தா. பார்த்து, தட்டு கொதிக்குது.

— அக்கா... இது ஃபியதோனெ.

— ரெண்டு வருஷம் சும்மா கிடந்த அடுப்பு, சூடு பிடிக்கவே பாடாப் படுத்திருச்சு. ஓரம் கொஞ்சம் கறுத்திருக்கு, நடுவுல நல்லா வெந்திருக்கு. ஆறினா அமுங்கும், பயப்படாதே.

— நீங்க... துக்க வீட்டுல இனிப்பு... அக்கா, எனக்கு ஒண்ணும் புரியலை.

— காலையில உன் புருஷன் எனக்கு முதல் கூடையைக் கொடுத்துட்டு, வரப்போற மாப்பிள்ளையோட வேட்டை நாயைப் பத்தித் தனக்குத்தானே பேசிக்கிட்டே மத்த கூடைக்கெல்லாம் உப்பைத் தூவினான். 'அடேய், நிறுத்துடா'ன்னு வாய் வரைக்கும் வந்துருச்சு.

— நிறுத்தியிருக்கலாமே அக்கா! இவ என்னை உயிரோட உரிச்சுட்டா!

— எப்படி நிறுத்தறது? எனக்குத்தான் ஒண்ணும் தெரியாதுன்னு ஒரு மாசமா ஜன்னலைச் சாத்தி நாடகம் நடத்தறீங்களே. நீங்க இவ்வளவு கஷ்டப்பட்டு மறைக்கறப்ப நான் நடுவுல கெடுக்கலாமா? அதான் வீட்டுக்குள்ள போய் அடுப்பைப் பத்த வச்சேன்.

— அக்கா, மன்னிச்சிருங்க. உங்க மனசு நோகுமேன்னுதான்...

— நோகாம இருக்குமா புள்ள? மாவைக் கலக்கறப்ப அழுதேன். நல்லாவே அழுதேன். ஆனா என் பெத்ரு மண்ணுக்குள்ள இருக்கான், இவ மண்ணுக்கு மேல இருக்கா. நான் கறுப்பைக் கழட்டாத வரைக்கும் அவ நீலத்தைப் போட மாட்டா, எனக்குத் தெரியாதா? என் அடுப்புல இனிப்பு வெந்தாச்சு. எங்க வீட்டுத் துக்கம் இன்னையோட முடிஞ்சது. போய் அவகிட்ட அப்படியே சொல்லு.

— லிசாந்த்ரா! ஏ லிசாந்த்ரா! கவுனைப் போடு! நத்தாலினா அத்தை வந்திருக்கா, போட்டுக்கிட்டு வெளிய வா!

— இந்தா பாரு, பஸ் ஹாரன்! வளைவு ஏறிட்டாங்க! ஐயோ, தட்டு எங்க, கத்தி எங்க?

— நில்லு ஓர்சு. அக்கா, ஒண்ணே ஒண்ணு சொல்லுங்க. நாங்க ஒரு ஈ காக்காய்க்குக்கூடச் சொல்லலையே. அவங்க இன்னைக்கு வர்றாங்கன்னு உங்களுக்கு யார் சொன்னது?

— நல்லா கேட்டே போ. மலை மேல இப்படி ஒரு பொண்ணு கறுப்புத் துணிக்குள்ள வாடிக்கிட்டு இருக்கா, உன் பையனை ஒரு தடவை திருவிழாவுக்கு அனுப்பிப் பாருன்னு கடற்கரையில இருக்கற அந்த அம்மாகிட்ட யாரு போய்ச் சொன்னதுன்னு நினைச்சே?