பொங்கல் சேலை

"அக்கா, உங்க முந்தானையைப் பிடிச்சுக்கிட்டு நிக்கிறது எம் பொண்ணு."

எடமலைப்பட்டி புதூர் ரேஷன் கடை வரிசையில் எனக்கு முன்னால் நின்ற இளம்பெண் சொன்னாள். அவளும் அவளுக்கு முன்னால் நின்றவளும் கட்டியிருந்தது, பொங்கலுக்கு அரசாங்கம் கொடுத்த ஒரே மாதிரி இலவசச் சேலை. குழந்தை நிமிர்ந்து முகத்தைப் பார்க்கவேயில்லை.

"தெரியும்மா," என்றாள் மூத்தவள்.

"சொல்லியிருக்கலாம்ல?"

"சேலை வாங்கினதுலேருந்து இப்படித்தான். காந்தி மார்க்கெட்ல ஒண்ணு பிடிச்சுது, சத்திரம் பஸ் ஸ்டாண்டுல ஒண்ணு, இப்ப இது. எனக்குப் புள்ளை இல்லைன்னு கவர்மெண்டுக்கு யாரு போய்ச் சொன்னாங்களோ!"

மகளை இழுக்க நீட்டிய கையை இளையவள் மடக்கிக்கொண்டாள்.

"இருக்கட்டுங்க்கா. அரிசி போட்டு முடிக்கட்டும், அப்புறம் புள்ளையை வாங்கிக்கிறேன்."